ஜானகியின் வரலாறும் சயாம் தண்டவாளமும்

வீரர்களின் சரித்திரத்தை எழுதப் புகுவோர்க்கு எளிதாவது புகழ்ச்சி, அரிதாவது உண்மை. புகழ்ச்சிக்கு ஒரு மலர்மாலை போதும். உண்மைக்கோ, வரலாற்றுக்குரியவர் நடந்த வழியில் வீழ்ந்து கிடந்தவர் யார் என்பதையும் கூறும் துணிவு வேண்டும். அத்துணிவு நம் தமிழ் எழுத்தில் எவ்வளவு உண்டு என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

நம்மை இவ்வாராய்ச்சிக்குத் தூண்டியது கியா பார்மில் கேட்ட ஒரு கேள்வி. பிரிஞ்சாங்கிற்கு மேலே, காய்கறித் தோட்டங்களும் தேயிலைச் சரிவுகளும் சூழ்ந்த அம்மலையூரில் அன்பர் ஒருவர் இல்லத்தில் தங்கியிருந்தோம். அவ்வீட்டுச் சிறுமி பள்ளிப் பேச்சுப் போட்டிக்கென ஜானகி ஆதி நாகப்பன் அவர்களைப் பற்றி எழுதியதைப் படித்துக் காட்டினாள். நேதாஜியின் சொற்பொழிவைக் கேட்ட ஜானகி தம் காதணிகளைக் கழற்றிக் கொடுத்தது, ஜான்சி ராணிப் படையிற் சேர்ந்தது, 2000ஆம் ஆண்டில் இந்திய அரசின் பத்மஸ்ரீ விருதைப் பெற்றது ஆகிய யாவும் அதில் அழகாய் அமைந்திருந்தன. நாமும் கை தட்டினோம். தேயிலைத் தோட்டத்திலேயே முதுமை எய்திய பாட்டியார் மட்டும் தட்டவில்லை.

“எங்க மாமா சயாம் ரயிலு போடப் போனவரு. திரும்பி வரல. கொண்டு போனவன் ஜப்பான்காரன். இந்தம்மா அவன் பக்கமா, நம்ம பக்கமா?” என்று வினவினார்.

சிறுமி எம் முகத்தைப் பார்த்தாள். நாம் படித்திருந்த நூல்களுள் ஒன்றேனும் அக்கணம் எமக்குக் கைகொடுக்கவில்லை.

ஜானகி 1925ஆம் ஆண்டில் வசதியுள்ள குடும்பத்திற் பிறந்தவர். வீட்டாரின் தடையை மீறிப் படையிற் சேர்ந்தபோது வயது பதினெட்டு. பர்மா சென்றார், படையின் முன்னணி அதிகாரிகளுள் ஒருவரானார். 1945 ஏப்ரலில் ரங்கூன் கைவிடப்பட்டபோது, நேதாஜியுடன் பின்வாங்கிய பெண்களை நடத்திச் சென்றவர் அவரே. பகலில் விமானங்களுக்கு அஞ்சி மறைந்து, இரவில் நடந்து சென்ற பயணம் அது. போர் முடிந்தபின் 1946இல் இந்தியக் காங்கிரஸ் அனுப்பிய மருத்துவக் குழுவோடு தொண்டாற்றினார். அவ்வாண்டிலேயே ஜான் திவி முதலியோருடன் மலாயா இந்தியக் காங்கிரசை நிறுவுவதில் பங்கு கொண்டார். பின்னர் நாடாளுமன்ற மேலவையில் உறுப்பினராக வீற்றிருந்தார். 2014இல் காலமானார்.

இத்தகைய வாழ்வை நம் மேடைகளும் மலர்களும் எங்ஙனம் கூறுகின்றன? காதணியில் தொடங்கி ஒரே தாவலாய்ப் பத்மஸ்ரீக்குப் போய்விடுகின்றன. இடையில் தோல்வியும், கால்நடையும், துப்பாக்கியை வைத்துவிட்டு அரசியலை எடுத்துக்கொண்ட மனமாற்றமும் மறைந்து போகின்றன. போர்வீராங்கனை அரசியலாளராய் மாறிய இடமன்றோ அவ்வாழ்வின் உயிர்நிலை! அதனை விடுத்து எஞ்சுவது வரலாறன்று. படத்திற்கு மாலை சூட்டுவதே.

இனி, பாட்டியாரின் கேள்விக்கு வருவோம். 415 கிலோமீட்டர் நீளமுள்ள சயாம்-பர்மா ரயில் பாதையின் இருமுனைகளும் இணைந்த நாள் 1943 அக்டோபர் 17. மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுசெல்லப்பட்ட தமிழர்கள் காலராவாலும் பசியாலும் அடியாலும் ஆயிரமாயிரமாய் மாண்ட பாதை அது. நான்கு நாள் கழித்து, அக்டோபர் 21இல், சிங்கப்பூரில் சுதந்திர இந்திய அரசு பிரகடனம் செய்யப்பட்டது. மறுநாள் ஜான்சி ராணிப் படையின் பயிற்சி முகாம் அங்கே திறக்கப்பட்டது. ஒரே வாரம்! அது மட்டுமன்று: சிங்கப்பூரிலிருந்து பர்மாவுக்கு அப்பெண்படையினர் சென்றதும், பின்வாங்கி மோல்மீனிலிருந்து பாங்காக்குக்கு வந்ததும் அந்தத் தண்டவாளத்தின் மீதே. பாட்டியாரின் மாமா மண்ணைச் சுமந்து இட்ட பாதையில்தான் ஜானகியின் வண்டி ஓடியது. இவ்விருவரையும் தனித்தனியே வைத்து எழுத எவரால் இயலும்?

ஆயினும் நம் இலக்கியம் தனித்தனியேதான் வைத்திருக்கிறது. ப. சிங்காரத்தின் ‘கடலுக்கு அப்பால்’ பினாங்கிலே, இராணுவத்திலிருந்து மீண்ட இளைஞனுக்கு வணிகர் பெண்கொடுக்க மறுப்பதைச் சொல்கிறது. போர் முடிந்தபின் வீரனுக்கு உலகில் இடமில்லை என்ற உண்மையை அது நன்கு கண்டது. 1972இல் வெளிவந்த ‘புயலிலே ஒரு தோணி’ அதனினும் விரிந்த படைப்பு. எனினும் அதன் பார்வை முற்றிலும் ஆடவர் பார்வை. மலேசியாவில் ஆர். சண்முகம் ‘சயாம் மரண ரயில்’ எழுதினார். அ. ரெங்கசாமியோ ரயில் பாதைக்கென ‘நினைவுச் சின்னம்’ என்றும், தேசிய ராணுவத்துக்கென ‘இமயத் தியாகம்’ என்றும் இரு நாவல்கள் இயற்றினார். இவ்வுழைப்புக்கு நாம் நன்றியுடையோம். ஆனால் ஒரே எழுத்தாளர் கையிலும் அவ்விரு துயரங்களும் இரு நூல்களாய்ப் பிரிந்து நிற்பதை வாசகர் ஊன்றி நோக்குவார்களாக.

பிற நாட்டார் இதனை எங்ஙனம் கையாண்டனர்? போலந்தின் பியாலிஸ்டாக் நகரிற் பிறந்த யூதப்பெண் ஹைக்கா கிராஸ்மன், நாஜிகளின் ஆட்சியில் பொய்யடையாளத்துடன் நடமாடி, சிறைப்பட்ட தம் மக்களுக்கு ஆயுதம் சேர்த்தவர். அங்கு கிளர்ச்சி வெடித்ததும் அதே 1943இல்தான், ஆகஸ்ட் 16. பின்னர் அவர் இஸ்ரேல் சென்று நாடாளுமன்ற உறுப்பினரானார். தலைமறைவு நாட்களைத் தாமே நூலாக எழுதினார். உழைத்துக் கொடுத்தால் உயிர் பிழைக்கலாம் என நம்பிய யூத நிர்வாகத் தலைவருக்கும், அஃது ஏமாற்று என்றுணர்ந்த இளைஞர்க்கும் இருந்த பிணக்கை அவர் மறைத்திலர். மறைக்காததால் அவர் வீரம் சிறுத்துவிடவில்லை.

ஹைக்காவும் ஜானகியும் எதிரெதிர் அணிகளில் நின்றவர்கள் என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஹைக்கா எதிர்த்த ஜெர்மனியிலிருந்துதான் நேதாஜி 1943 பிப்ரவரியில் நீர்மூழ்கிக் கப்பலேறினார். ஜெர்மனியின் நேசநாடு ஜப்பான். தம் மக்களின் விடுதலையை நாடிய இரு பெண்களை அவ்யுத்தம் இவ்வாறு நிறுத்தியது. ஆங்கிலேயர் ஆட்சியின் கீழ்த் தோட்டக்கூலிகளாய் ஒடுங்கியிருந்தோர்க்கு, அவ்வாட்சியை வீழ்த்தவல்லவர் எவரும் நண்பராய்த் தோன்றியதில் வியப்பென்ன? இதனை விளக்குவது நூலாசிரியன் கடமை. மூடி மறைப்பது கடமையன்று.

இன்னொன்றும் உளது. ஜான்சி ராணிப் படையில் சேர்ந்தவருட் பெரும்பகுதியினர் ரப்பர்த் தோட்டத் தமிழ்ப் பெண்கள். லட்சுமி சேகால் சுயசரிதை எழுதினார். ராசம்மா பூபாலனின் வரலாறு 2007இல் நூலாய் வந்தது. கல்வியுடையோர் சொல் அச்சேறியது, நன்று. பால்மரத்தடியிலிருந்து சென்று பால்மரத்தடிக்கே மீண்ட பெண்ணின் சொல்லுக்கும் அதே மதிப்புடன் தாளும் மையும் கிடைத்திருக்க வேண்டாமா?

மறுநாட் காலை, சிறுமி தன் கட்டுரையின் ஈற்றில் சில வரிகள் சேர்த்திருந்தாள். ஜானகி இந்திய விடுதலைக்காகப் போராடினார் என்றும், அவருக்குத் துணைநின்ற ஜப்பானியரே தன் பாட்டியின் மாமாவைக் கொண்டுசென்றனர் என்றும், இருவரும் ஒரே ரயில் பாதையைச் சார்ந்தவர் என்றும் எழுதியிருந்தாள். போட்டிக்கு இது பொருந்துமா என்று அவள் தயங்கினாள். பாட்டியாரோ அதை இரண்டு முறை படிக்கச் சொல்லிக் கேட்டார். தமிழில் எழுதப்படவேண்டிய வரலாற்றுக்கு அவ்வரிகளையே முதற்பக்கமாகக் கொள்ளலாம் என்பது நமது துணிபு.