அப்பா இல்லாத வீடு: ஒரு சொல்லுக்குள் எத்தனை வீடுகள்?

வாட்ஸ்அப்பில் ஒரு பட்டியல் ரொம்ப நாளாகச் சுற்றுகிறது. சிறையில் இருப்பவர்களில் இத்தனை சதவீதம், பள்ளியை விட்டு நின்றவர்களில் இத்தனை சதவீதம், தற்கொலை செய்துகொண்டவர்களில் இத்தனை சதவீதம் அப்பா இல்லாத வீட்டில் வளர்ந்தவர்கள் என்று வரிசையாக எண்கள். எல்லாம் அமெரிக்க எண்கள். யார் எண்ணினார்கள், எந்த வருடம் எண்ணினார்கள் என்று எதுவும் இருக்காது. பெற்றோர் கூட்டங்களில் பேச வருபவர்களும் இதை எடுத்து விடுகிறார்கள். கடைசி வரிசையில், தனியாகப் பிள்ளை வளர்க்கும் ஒரு அம்மா உட்கார்ந்திருப்பார் என்ற நினைப்பே அவர்களுக்கு வருவதில்லை.

இந்தப் பட்டியலைத் திட்டிவிட்டுப் போவது சுலபம். அதைவிட, இந்த விஷயத்தில் உருப்படியாகச் செய்த ஆராய்ச்சி ஒன்றை எடுத்து, அது நிஜமாக என்ன சொல்கிறது, எங்கே இடறுகிறது என்று பார்க்கலாம். நான் எடுத்துக்கொண்டது சாரா மெக்லானஹனும் கேரி சாண்டஃபரும் எழுதி, 1994-ல் ஹார்வர்ட் பல்கலைக்கழகப் பதிப்பகம் வெளியிட்ட 'குரோயிங் அப் வித் எ சிங்கிள் பேரன்ட்'. முப்பது வருடம் ஆகியும் இந்தத் துறையில் யார் பேசினாலும் இந்தப் புத்தகத்தைத் தொட்டுத்தான் பேசுகிறார்கள்.

முதலில் கொஞ்சம் பின்னணி. 1965-ல் அமெரிக்கத் தொழிலாளர் துறையில் உதவிச் செயலராக இருந்த டேனியல் பேட்ரிக் மொய்னிஹன், கறுப்பினக் குடும்பங்களைப் பற்றி ஓர் அறிக்கை எழுதினார். அவர்களுடைய துயரத்தின் நடுவில் அவர் வைத்தது, குடும்பம் உடைவதையும் அப்பா இல்லாமல் போவதையும். அடிபட்டவன் மேலேயே பழி போடுகிறாயா என்று கடுமையான எதிர்ப்பு கிளம்பியது. அதற்குப் பிறகு பல வருடங்களுக்கு முற்போக்கு ஆய்வாளர்கள் இந்தப் பக்கமே தலைவைத்துப் படுக்கவில்லை.

மெக்லானஹன் உள்ளே வந்தது அந்தச் சூழலில்தான். அவரே விவாகரத்தானவர், மூன்று பிள்ளைகளைத் தனியாக வளர்த்தவர். தனித்தாய் வளர்ப்பதால் பிள்ளை கெடும் என்ற பேச்சைப் பொய்யென்று காட்டத்தான் எண்களைக் கையில் எடுத்தார். எண்கள் அவர் பக்கம் பேசவில்லை. பேசவில்லை என்பதையே எழுதினார். புத்தகத்தின் மீது எனக்கு மரியாதை வருவது முதலில் இதனால்தான்.

எண்கள் சொல்வது

நான்கு பெரிய தேசிய சர்வேக்களை வைத்து வேலை செய்திருக்கிறார்கள். பெற்ற அப்பா, அம்மா இருவருடனும் வளர்ந்தவர்களோடு ஒப்பிட்டால், குழந்தைப் பருவத்தில் ஒரு பகுதியையாவது ஒருவரைப் பிரிந்து கழித்தவர்கள் (பெரும்பாலும் அப்பாவை) உயர்நிலைப் பள்ளியை முடிக்காமல் நிற்க இரண்டு மடங்கு வாய்ப்பு. இருபது வயதுக்குள் பிள்ளை பெறவும் இரண்டு மடங்கு. படிப்பும் இல்லாமல் வேலையும் இல்லாமல் சும்மா இருக்க ஒன்றரை மடங்கு. இனம், பெற்றோர் படிப்பு, கூடப் பிறந்தவர்கள் எண்ணிக்கை எல்லாவற்றையும் கணக்கில் எடுத்த பிறகும் வித்தியாசம் முழுதாகப் போய்விடவில்லை.

ஃபார்வேர்டு செய்பவர்கள் இங்கேயே நிறுத்திக்கொள்வார்கள். புத்தகம் நிறுத்தவில்லை.

'இரண்டு மடங்கு' என்றால் மொத்தப் பிரச்சினையில் எவ்வளவு? அதையும் அவர்களே கணக்குப் போடுகிறார்கள். அன்றைக்கு மொத்தத்தில் பள்ளியை விட்டு நின்றவர்கள் 19 சதவீதம். பெற்றோர் இருவரும் உள்ள வீடுகளில் 13 சதவீதம். அதாவது நாளைக் காலையில் அமெரிக்காவில் ஒற்றைப் பெற்றோர் வீடே இல்லாமல் போனாலும், அந்த வித்தியாசம் முழுவதுக்கும் அப்பா இல்லாததுதான் காரணம் என்று வைத்துக்கொண்டாலும், 19 என்பது 13 ஆகும், அவ்வளவுதான். மிச்சப் பிரச்சினை இரண்டு பேரும் இருக்கிற வீட்டிலேயே இருக்கிறது.

அடுத்தது பணம். பின்தங்கலில் ஏறக்குறைய பாதிக்குக் காரணம் குறைந்த வருமானமும், பிரிவின்போது சட்டென்று வருமானம் விழுவதும்தான் என்கிறார்கள். மீதியில் பெரும்பகுதி, பிள்ளையைக் கவனிக்க நேரமில்லாமல் போவதும், வீடு மாறிக்கொண்டே இருப்பதால் பள்ளி, அக்கம்பக்கம், தெரிந்த மனிதர்கள் எல்லாம் கைவிட்டுப் போவதும்.

சரி, இன்னொரு ஆண் வீட்டுக்கு வந்துவிட்டால்? மாற்றாந்தகப்பன் உள்ள வீடுகளில் வருமானம் கூடுகிறது. ஆனால் பிள்ளைகள் சராசரியாகத் தனித்தாய் வீட்டுப் பிள்ளைகளைவிட மேலாகச் செய்வதில்லை. ஆக, பணம் மட்டுமே விஷயம் என்றும் சொல்ல முடியாது. வீட்டில் ஓர் ஆண் இருந்தால் போதும் என்றும் சொல்ல முடியாது.

புத்தகத்தில் என்னைப் பிடித்து நிறுத்தியது விதவைத் தாய்மாரின் பிள்ளைகள் பற்றிய ஒப்பீடு. அப்பா இறந்துபோன வீட்டுப் பிள்ளைகள் பள்ளியை விட்டு நிற்கும் விகிதம், பெற்றோர் இருவரும் உள்ள வீட்டைவிடக் கொஞ்சம்தான் அதிகம். விவாகரத்தான வீடுகளில் அது இரண்டு மடங்குக்கும் மேல். யோசித்துப் பாருங்கள். செத்துப்போனவரைவிட முழுசாக இல்லாமல் போன அப்பா உண்டா? 'இல்லாமை'தான் கெடுக்கிறது என்றால், அதிகம் கெட்டிருக்க வேண்டியது இந்தப் பிள்ளைகள்தானே!

எங்கள் தொழிலில் இது பழகிய சிக்கல். டேட்டாபேஸில் ஒரு கட்டம் காலியாக இருந்தால், அதை நிரப்பாமல் விட்டார்களா, அவருக்கு அந்தக் கேள்வியே பொருந்தாதா, இடம் மாற்றும்போது தொலைந்ததா என்று கேட்க வேண்டும். கேட்காமல் எல்லாக் காலியையும் ஒன்றாகக் கூட்டி சராசரி எடுப்பவரின் ரிப்போர்ட்டை நாங்கள் வாங்க மாட்டோம். 'அப்பா இல்லாத வீடு' அப்படிப்பட்ட காலிக் கட்டம். செத்தவர், பிரிந்தவர், தொடக்கத்திலிருந்தே சேராதவர், சிறையில் இருப்பவர், எல்லோரும் அதற்குள் ஒன்றாகக் கிடக்கிறார்கள்.

அமெரிக்காவில் 1939-ல் செய்த சட்டத் திருத்தத்திலிருந்து, சமூகப் பாதுகாப்புத் திட்டத்தில் இருந்த தொழிலாளி இறந்தால் அவருடைய பிள்ளைகளுக்கும் அவர்களை வளர்க்கும் விதவைக்கும் மாதப் பணம் வருகிறது. அதனால் பலருக்கு வீட்டைக் காலி செய்ய வேண்டியதில்லை. பெற்றோர் சண்டையும் வழக்கும் இல்லை. இறந்தவரைப் பற்றி வீட்டில் நல்லதாகவே பேசுவார்கள். ஊரும் பரிதாபப்படும்.

இது எனக்குப் புத்தகத்தில் மட்டும் படித்த விஷயம் இல்லை. அப்பா போனபோது நான் ஒன்பதாம் வகுப்பு. அவர் அரசு ஊழியர் என்பதால் அம்மாவுக்குக் குடும்பப் பென்ஷன் வந்தது. வீடு மாறவில்லை, பள்ளி மாறவில்லை, மாமா மாதம் ஒருமுறை வந்து மார்க் ஷீட்டைப் பார்ப்பார். அதே தெருவில் என்னோடு படித்த ஒருவனுடைய அப்பா வீட்டை விட்டுப் போய்விட்டார். அவர்களுக்குப் பென்ஷனும் இல்லை, பரிதாபமும் இல்லை. அவன் அம்மாவைப் பற்றித் தெருவில் பேசிய பேச்சுதான் மிச்சம். ஒன்றரை வருடத்தில் மூன்று வீடு மாறினார்கள், அவன் பத்தாவது எழுதவே இல்லை. சர்வேயில் எங்கள் இருவர் வீட்டுக்கும் ஒரே பதில்தான்: அப்பா இல்லை.

புத்தகம் எங்கே இடறுகிறது

முதல் குறை: அப்பா இல்லாததைப் பற்றிய புத்தகத்தில் அப்பாக்களைக் காணோம். அவர் இருந்தாரா, இல்லையா என்பதுதான் பதிவாகியிருக்கிறது. எப்படிப்பட்டவர் என்று பெரும்பாலும் தெரியவில்லை. இதற்கான பதில் 2003-ல் வேறிடத்திலிருந்து வந்தது. சாரா ஜாஃபி, டெர்ரி மாஃபிட் குழுவினர் இங்கிலாந்திலும் வேல்ஸிலும் இரட்டைக் குழந்தைகள் உள்ள ஆயிரத்துக்கும் மேற்பட்ட குடும்பங்களை ஆராய்ந்தார்கள். சமூக விரோதப் போக்கு குறைவாக உள்ள அப்பா, வீட்டில் இருந்த காலம் குறையக் குறையப் பிள்ளையின் முரட்டு நடத்தை கூடுகிறது. அந்தப் போக்கு அதிகமாக உள்ள அப்பா என்றால் கணக்கு அப்படியே தலைகீழ்: அவர் வீட்டில் இருந்த காலம் கூடக் கூடத்தான் பிள்ளை மோசமாகிறது. குடித்துவிட்டு வந்து அடிப்பவர் இருக்கிற வீடும் சர்வேயில் 'அப்பா உள்ள வீடு' என்றுதான் பதிவாகும். இந்த ஒரு வித்தியாசத்தை விட்டுவிட்டு எடுக்கிற எந்தச் சராசரியும், அப்படிப்பட்டவரிடமிருந்து பிள்ளையோடு வெளியே வந்த அம்மாவுக்கு அநியாயம்.

இரண்டாவது குறை: பிரிவால் பிள்ளை பாதிக்கப்பட்டதா, அல்லது பிரிவுக்குக் காரணமான வறுமையும் சண்டையும் மனநோயும் பிள்ளையையும் ஏற்கெனவே பாதித்துக்கொண்டிருந்தனவா? 1994-ன் புள்ளியியல் கருவிகளால் இதை முழுதாகப் பிரிக்க முடியாது. இதையும் மெக்லானஹனே பின்னால் எடுத்துச் செய்தார். 2013-ல் லாரா டாக், டேனியல் ஷ்னைடருடன் சேர்ந்து, காரண காரியத்தைக் கடுமையாகச் சோதிக்கும் ஆய்வுகளை மட்டும் தொகுத்துப் பார்த்தார். கடுமை கூடியபோது பாதிப்பின் அளவு சிறுத்தது, ஆனால் மறையவில்லை. பிள்ளைகளின் முரட்டு நடத்தை, பள்ளியை முடிப்பது, பெரியவர்களான பிறகு மனநலம் ஆகியவற்றில் ஆதாரம் வலுவாக நின்றது. அறிவுத்திறன் மதிப்பெண்களில் பலவீனம். வருமானம், கல்லூரிப் படிப்பு, சொந்தத் திருமணம் நிலைப்பது ஆகியவற்றிலும் பலவீனம்தான். அப்பா இல்லாவிட்டால் பிள்ளைக்கு மூளை மங்கும் என்பவர்களும், ஒன்றுமே ஆகாது என்பவர்களும் இரண்டு பேரும் இதைப் படிக்க வேண்டும்.

புத்தகம் சொன்ன தீர்வு, செலவைப் பெற்றோர் இருவரும் ஏற்க வேண்டும், மீதியை அரசு எல்லாப் பிள்ளைகளுக்கும் பொதுவாகத் தாங்க வேண்டும் என்பது. அரசு இன்னொரு வழியிலும் பணம் போட்டது: பெற்றோரைச் சேர்த்து வைக்கும் வழி. மணமாகாமல் பிள்ளை பெற்ற இணைகளுக்கு உறவுத்திறன் வகுப்பு எடுத்தார்கள். எட்டு இடங்கள், 5,000-க்கும் மேற்பட்ட இணைகள், குலுக்கல் முறையில் பிரித்த சரியான சோதனை. மூன்று வருடம் கழித்துப் பார்த்தால், வகுப்புக்கு அனுப்பப்பட்டவர்கள் மற்றவர்களைவிடக் கூடுதலாகச் சேர்ந்திருக்கவில்லை. அப்பாக்களின் ஈடுபாடு சில விஷயங்களில் கொஞ்சம் குறைந்தும் இருந்தது. விதவைகளுக்கு மாதாமாதம் வந்த பணம் செய்ததை வகுப்பறை செய்யவில்லை என்றுதான் நான் வாசிக்கிறேன்.

இந்த எண்களை நம் ஊருக்கு அப்படியே தூக்கி வர முடியாது. இங்கே அப்பா இல்லாத வீடுகளில் சாவு உண்டு, குடி உண்டு, வளைகுடா வேலையும் உண்டு. துபாயிலிருந்து மாதம் பணம் அனுப்பி, ராத்திரி வீடியோ காலில் வீட்டுப்பாடம் கேட்கிற அப்பா எந்தக் கட்டத்தில் வருவார்? அதைப் பிரித்து எண்ணாமல் அமெரிக்கச் சதவீதத்தை மேடையில் சொல்வது ஆராய்ச்சி ஆகாது.

புத்தகத்தைப் படிக்க நினைப்பவர்கள், முதலில் பணத்தைப் பற்றிய அத்தியாயத்திலிருந்து தொடங்கலாம். அங்கே அட்டவணைகள் கொஞ்சம் அலுப்புத் தட்டும், தாண்டிவிடாதீர்கள். ஒரு பிள்ளைக்கு அப்பா இல்லை என்று தெரிந்தால் அடுத்து நாம் கேட்க வேண்டியவை எல்லாம் அந்த அட்டவணைகளில்தான் இருக்கின்றன: வீட்டு வாடகை யார் தருகிறார்கள், பள்ளி மாறியதா, மார்க் ஷீட்டைப் பார்க்க யாராவது வருகிறார்களா?