எண்ணத் தெரியாத மடம்

வீரமாமுனிவரின் ‘பரமார்த்த குருவின் கதை’ நம் இல்லங்களில் சிறுவர்க்குச் சொல்லும் சிரிப்புக் கதையாகவே வழங்கி வருகிறது. 1680ஆம் ஆண்டு இத்தாலியில் பிறந்து, தமிழகத்தில் மறைப்பணியும் தமிழ்ப்பணியும் ஆற்றி, 1747இல் மறைந்தவர் அவர். அவருடைய ‘தேம்பாவணி’யை ஆராய்ந்தோர் பலர், ‘சதுரகராதி’யைப் போற்றுவோரும் பலர். இச்சிறு நூலையோ சிரித்துவிட்டு மூடி வைத்துவிடுகிறோம். பெஸ்கி என்னும் அவர் பெயரைத் தாங்கிய இயேசு சபை இல்லத்தை உடைய திண்டுக்கல்லிலாவது இதனைச் சற்று ஊன்றிப் படிக்க வேண்டாமா?

பரமார்த்தரின் மடம் ஒரு கல்விக்கூடம். மட்டி, மடையன், பேதை, மிலேச்சன், மூடன் என ஐந்து சீடர்கள். அங்கே ஐயம் எழுகிறது, ஆராய்ச்சி நடக்கிறது, முடிவும் காணப்படுகிறது. ஆயினும் வேறெந்தக் கல்விக்கூடத்திலும் காணாத ஒன்று அங்கே உண்டு. சொல்லாகவும் எண்ணமாகவும் நிற்க வேண்டியவை அம்மடத்தில் உடலெடுத்து நடமாடுகின்றன. குடகனாறு வற்றிக் கிடக்கையில் ‘ஆறு செத்துவிட்டது’ என்கிறோம். அது வெறும் பேச்சு வழக்கு என்பதையும் அறிவோம். பரமார்த்தருக்கோ ஆறு உண்மையிலேயே உறங்குகிறது, விழிக்கிறது. பூசணிக்காய் குதிரை முட்டையாகிறது. அது விழுந்த புதரிலிருந்து ஓடிய முயல் குதிரைக் குட்டியாகிறது. மாட்டின் நிழலும் கூலி கேட்கத்தக்க பண்டமாகிறது.

இவர்களை அறிவில்லாதவர் என்று சொல்லிவிட்டால் திறனாய்வு முடிந்துவிடாது. இவர்கள் சோதித்துப் பார்ப்பவர்கள். எரியும் கொள்ளியை நீரில் தோய்க்கிறார்கள். அது சீறிப் புகைகிறது. ஆறு விழித்திருக்கிறது என்று முடிவு செய்கிறார்கள். பின்னர் அணைந்த கொள்ளியைத் தோய்க்கிறார்கள், ஓசை இல்லை, ஆறு உறங்கிவிட்டது என்று துணிகிறார்கள். சோதனையில் பிழை இல்லை. கேட்ட கேள்வியிலேதான் பிழை. தான் முன்னரே நம்பியதை மட்டும் திருப்பிச் சொல்லும் சோதனை அது. ஆறு உறங்குமா என்று அம்மடத்தில் ஒருவரும் கேட்கவில்லை.

இந்நகைச்சுவையின் முடிவு சாவு என்பதை நாம் மறந்துவிடுகிறோம். உட்காருமிடம் குளிர்ந்தால் சாவு நெருங்கிற்று என்று ஒருவர் போகிற போக்கில் சொன்ன வாக்கை மடம் வேதமாக ஏற்றுக்கொள்கிறது. பின்னொரு நாள் குளிர் தட்டுகிறது. அச்சத்தால் குரு தளர்கிறார். மயங்கிக் கிடந்தவரை இறந்தவராகவே கொண்டு சீடர்கள் நீராட்ட, அதிலேயே அவர் உயிர் பிரிகிறது. சொல் உருக்கொண்டது, உருக்கொண்ட சொல் மனிதரைக் கொன்றது. சீடர்களிடம் அன்புக்குக் குறைவில்லை. அவ்வன்புதான் குருவை நீரில் அமிழ்த்தியது. நூலில் நம்மை மிகவும் கலங்க வைக்கும் இடம் இதுவே.

இந்நூல் மீது ஒரு குறை கூறப்படுவதுண்டு: பிறநாட்டுத் துறவி ஒருவர் இந்நாட்டு மடங்களையும் குருமாரையும் எள்ளி நகையாடினார் என்பது. அக்குறையை நாம் எளிதில் தள்ளிவிடலாகாது. குரு, சீடர், மடம் என்னும் சொற்களே அந்த ஐயத்திற்கு இடம் தருகின்றன. இதனைப் படித்து அண்டை வீட்டாரைப் பார்த்துச் சிரித்த கிறித்தவர்களும் இருந்திருப்பர். ஆனால் ஆற்றைக் கடந்தபின் நடப்பதை நோக்குவோம். எண்ணுகிறவன் தன்னை விட்டுவிட்டு எண்ணுகிறான், அறுவர் ஐவராகின்றனர், ஒருவரை ஆறு விழுங்கிற்று என்று அழுகை எழுகிறது. இங்கிலாந்தில் கோத்தம் என்னும் ஊராரைப் பற்றியும் இதே கதை வழங்குகிறது. ஆகவே இப்பேதைமை ஒரு நாட்டுக்கோ ஒரு சமயத்துக்கோ உரியதன்று. பிறரைப் பார்த்துச் சிரிப்பவன் தன்னை எண்ணாமல் விடுகிறான்; அப்பொழுதே அவன் ஆறாவது சீடனாகிவிடுகிறான். நூலின் நேர்மை இந்த ஓரிடத்தில் காக்கப்படுகிறது என்பது நம் துணிபு.

கருத்து உருப்பெறுவது குற்றமா? வாக்கு மனுவுருவானது என்று அறிக்கையிடும் நாம் அவ்வாறு சொல்ல இயலாது. திண்டுக்கல்லை அடுத்த சின்னாளபட்டியருகே 1947இல் சௌந்தரம் அம்மையாரும் ஜி. இராமச்சந்திரனும் காந்திகிராமத்தைத் தொடங்கியபோது, உழைப்பே கல்வி என்னும் கருத்து அங்கே உருக்கொண்டது. ஆனால் அங்கே கருத்து பொருளுக்குக் கட்டுப்பட வேண்டியிருந்தது. நூல் நூற்பவர் தவறினால் இழை அறும். எந்தக் கொள்கையும் அறுந்த இழையை அறாத இழையாக்காது. பரமார்த்தரின் மடத்தில் பொருளுக்கு மறுத்துப் பேசும் உரிமை இல்லை. வேறுபாடு இதுவே.

இன்று நம் பள்ளிகளை நோக்குவோம். கற்றதைக் குறிக்க வந்த மதிப்பெண் இன்று கல்வியாகவே உடலெடுத்துவிட்டது. அதனை எடுத்தவன் அறிஞன், எடுக்காதவன் ஒன்றுமில்லாதவன். குறைந்த எண்ணைக் கண்டு தன் வாழ்வே முடிந்தது என்று எண்ணும் பிள்ளைக்கும், குளிர் தட்டியதும் சாவு வந்தது என்று நடுங்கிய குருவுக்கும் என்ன வேறுபாடு? அப்பிள்ளையைச் சுற்றி அன்போடு நிற்கும் பெற்றோரும் ஆசிரியருமாகிய நாம், எத்தனை பேர் என்று எண்ணும்போது நம்மையும் சேர்த்து எண்ணுவோமாக.