உரையை மீறிய மூலம்: ஜான் டெரைனின் போர்வரலாற்று ஆவணப்பட எழுத்து

ஆவணப்பட விவரணையைத் தனித்ததோர் எழுத்துவகையாகக் கொண்டு ஆராயும் முயற்சி தமிழ்த் திறனாய்வில் அரிது. பிரித்தானிய வரலாற்றாசிரியர் ஜான் டெரைனின் (1921–2003) பணி அத்தகைய ஆய்வுக்கு ஏற்ற களமாகும்.

முதல் உலகப்போரின் பேரிழப்புக்குக் காரணமானவர் எனப் பழிக்கப்பட்ட தளபதி டக்ளஸ் ஹெய்கைக் கற்றறிந்த படைவீரராக நிறுவும் நூலை அவர் 1963இல் வெளியிட்டார். அடுத்த ஆண்டே பிபிசி ஒளிபரப்பிய ‘தி கிரேட் வார்’ என்னும் 26 பகுதித் தொடருக்குக் காரெலி பார்னெட்டுடன் முதன்மை எழுத்தாளரானார். நூலின் வாதம் தொடரிலும் புகுந்தது. சோம் போர் பற்றிய பகுதியின் விளக்கத்தை ஏற்காது ஆலோசகர் லிடல் ஹார்ட் விலகிக்கொண்டமை அவ்வாதத்தின் கூர்மைக்குச் சான்று.

1916 ஜூலை 1 அன்று மட்டும் பிரித்தானியப் படையில் கொல்லப்பட்டும் காயமுற்றும் காணாமற்போயும் வீழ்ந்தோர் ஏறத்தாழ 57,000 பேர். இவருள் இறந்தோர் 19,000க்கும் மேற்பட்டோர். டெரைன் இதனை மறைத்தவர் அல்லர். ஆயினும் நவம்பர்வரை நீண்ட போரை அந்த ஒரு நாளால் அளத்தல் தகாது. செருமானியப் படையின் தேய்வும் 1918இன் வெற்றியும் சேர்த்தே எண்ணப்பட வேண்டும் என்பது அவர் கட்சி.

பார்வையாளர் கொண்டதோ வேறு. அன்று பிபிசி திரட்டிய கருத்துகளில் போரின் கொடுமையும் உயிர்ச்சேதத்தின் வீண்மையுமே மேலோங்கின. இதற்கான காரணம் வடிவத்தில் உள்ளது. டெரைனின் வாதம் ‘ஆயினும்’, ‘எனினும்’ என்னும் சொற்களால் இயங்குவது. படத்துக்கு அத்தகைய சொல் இல்லை. தொடரின் முகப்பில் வெறித்து நோக்கும் வீரனின் முகம், வில்ஃபிரட் ஜோசப்சின் இசை, முதிய வீரர்களின் தழுதழுத்த நினைவுரை ஆகியவற்றின்முன் தருக்கம் தாழ்ந்தது. எழுத்தாளரின் கருத்தில் எழுத்தே மூலம். பார்ப்போர் கண்ணிலோ படமே மூலமாகவும் எழுத்து அதன் உரையாகவும் நின்றன.

அம்மூலமும் தூயதன்று. முகப்பு முகம், பலர் இருந்த நிழற்படமொன்றிலிருந்து பிரித்தெடுத்து ஒட்டப்பட்டது. நேசப்படைகள் எப்போதும் இடமிருந்து வலமாகவே முன்னேற வேண்டும் என்பதற்காகக் காட்சிகள் புரட்டப்பட்டன. வீரர் சிலர் இடக்கையராயினர்! நடித்தெடுத்த காட்சிகள் உண்மைக் காட்சிகளோடு வேறுபாடின்றிக் கலக்கப்பட்டதை இம்பீரியல் போர் அருங்காட்சியக இயக்குநர் நோபிள் ஃபிராங்க்லண்ட் கண்டித்தார். இவை டெரைனின் செயல்கள் அல்ல. எனினும் அவரது சொல் இவற்றுக்கே நம்பகம் வழங்கிற்று என்பது புறக்கணிக்கத்தக்கதன்று.

1969இல் ஒளிபரப்பான, மவுண்ட்பேட்டனின் வாழ்க்கை பற்றிய 12 பகுதித் தொடரும் அவர் எழுதியதே. அதில் சிக்கல் வேறு. மவுண்ட்பேட்டனே திரையில் தோன்றித் தம் கதையைக் கூறுகிறார். 1947இன் அதிகாரமாற்றம் அதனை நடத்தியவர் வாயாலேயே நியாயம் பெறும்போது, வரலாற்றாசிரியர் குறுக்குவினா எழுப்பாத துணைவராகச் சுருங்குகிறார். இந்திய வாசகர்க்கு இத்தொடர் வரலாறு ஆவதினும் தன்வரலாறு ஆவதே பொருத்தம்.

1980இல் டெரைன் போர்பற்றிய தொன்மங்களை மறுக்கும் நூலொன்றை வெளியிட்டார். 1964இல் திரையில் தோற்ற அதே வாதம் அங்கு எவ்விடையூறும் இன்றி நடக்கிறது. தொடரைக் கண்டோருள் மிகச் சிலரே அந்நூலைத் திறந்திருக்கக்கூடும்.