பிழை எண் 126

டேட்டா லாகர் மென்பொருளில் கண்ணுக்குத் தெரிவது திரையில் ஓடும் வரைபடம். உழைப்பெல்லாம் பின்னால் இருக்கும் டிஎல்எல் கோப்புகளுடையது. யுஎஸ்பி வழியே கருவியோடு பேசுவதும், வந்த எண்களை டிகிரியாகவோ வோல்ட்டாகவோ மாற்றித் தருவதும் அவைதான். தயாரிப்பாளரின் நிரல், ஆய்வகத்தில் எழுதிய பைதான் நிரல் இரண்டும் ஒரே கோப்பை அழைத்துக்கொள்ளலாம். ‘பகிர்வு நூலகம்’ என்ற பெயர் அதனால் வந்ததுதான்.

எட்டு சேனல் வெப்பநிலை லாகர் ஒன்றை விண்டோஸ் கணினியில் ஐந்து வாரம் ஓட்டியதில் அளவீட்டில் குறையே இல்லை. துல்லியம், வேகம் எல்லாம் பெட்டியின் மேலேயே அச்சிட்டிருக்கிறது. முதல் இரண்டு நாளை விழுங்கியது பிழை எண் 126.

குறிப்பிட்ட மாட்யூல் கிடைக்கவில்லை என்கிறது அந்தச் செய்தி. கோப்புறையைத் திறந்தால் அந்த டிஎல்எல் அங்கேயே இருக்கிறது. நீக்கிவிட்டு மறுபடி நிறுவினாலும் அதே செய்திதான். காணாமல் போனது அந்தக் கோப்பே அல்ல, அது நம்பியிருக்கும் இன்னொரு கோப்பு. கருவியின் டிஎல்எல்லை ஏற்றும்போது அதற்குத் தேவையான விஷுவல் சி++ ரன்டைம் கோப்புகளையும் விண்டோஸ் தேடுகிறது. அவற்றில் ஒன்று இல்லாவிட்டாலும் ஏற்றம் தோற்றுவிடும். பழி முதலில் அழைத்த கோப்பின் தலையில் விழும்.

நிரல் தொடங்கும்போதே தேவைப்படும் டிஎல்எல் இல்லையென்றால் விண்டோஸ் அதன் பெயரைத் தெளிவாகச் சொல்லிவிடும். ஓடிக்கொண்டிருக்கும் நிரல் நடுவில் ஏற்றச் சொன்னால்தான் இந்த மௌனம். பல மாடல்களுக்குச் சேர்த்து எழுதிய லாகர் மென்பொருளுக்கு அந்த இரண்டாவது வழிதான் வசதி. லினக்ஸ் இரண்டு நிலையிலும் இல்லாத கோப்பின் பெயரைச் சொல்கிறது. மேக் ஒரு படி மேலே போய், அதைக் கேட்டது யார் என்பதையும் சேர்த்துச் சொல்கிறது. விண்டோஸில் பைதான் 3.8 முதல், ‘அல்லது அது சார்ந்த கோப்புகளில் ஒன்று’ என்ற வரியாவது செய்தியில் உண்டு. அந்த ஒரு வரி எத்தனையோ பேரின் நாளைக் காப்பாற்றியிருக்கும்.

விடை கிடைத்தது மைக்ரோசாஃப்ட் இலவசமாகத் தரும் பிராசஸ் மானிட்டரில். லாகர் நிரலின் பெயரையும், டிஎல்எல் என்று முடியும் பாதைகளையும் வடிகட்டிவிட்டு நிரலை இயக்கினால் தேடல் முழுவதும் வரிவரியாக வருகிறது. ‘நேம் நாட் ஃபவுண்ட்’ என்ற வரிகளைக் கண்டு பதறத் தேவையில்லை. ஓரிடத்தில் இல்லாத கோப்பு அடுத்த இடத்தில் கிடைப்பது வழக்கம்தான். கடைசி வரை எங்குமே கிடைக்காத பெயரைத்தான் பிடிக்க வேண்டும். இங்கே அது விஷுவல் சி++ ரன்டைமின் எம்எஸ்விசிபி140. நிரலின் கோப்புறை, சிஸ்வாவ்64, விண்டோஸ், பிறகு பாத் பட்டியலில் உள்ள ஒவ்வொரு கோப்புறை என்று தேடியும் எங்குமே இல்லை.

அதே பெயரில் ஒரு கோப்பு சிஸ்டம்32-இல் இருந்தது. பெயர்களைப் பார்த்து ஏமாறக்கூடாது: 64 பிட் விண்டோஸில் 64 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்டம்32-இல், 32 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்வாவ்64-இல். லாகர் நிரல் 32 பிட்; கணினியில் இருந்ததோ 64 பிட் ரன்டைம் மட்டும். கோப்பை ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்கு நகலெடுத்து வைப்பது தீர்வாகாது. பிட் பொருந்தாத டிஎல்எல் 126-க்குப் பதில் பிழை 193-ஐத் தரும்.

32 பிட் ரன்டைமை நிறுவ இரண்டு நிமிடம் ஆனது. தயாரிப்பாளர் அந்தக் கோப்புகளை நிரலின் கோப்புறையிலேயே வைத்து அனுப்பியிருக்கலாம். மைக்ரோசாஃப்ட் அதற்கு அனுமதி தருகிறது. ரன்டைமை நிறுவியபின் எட்டு சேனலும் ஒரு வாசிப்பைக்கூடத் தவறவிடாமல் வாரக்கணக்கில் ஓடின.