நாலாவது ரொட்டித் துண்டு

யுத்தத்தில் தோற்ற ஒரு தேசத்தைப் பற்றி எழுத வேண்டுமானால் இடிந்த கட்டடங்களையும் பிணங்களையும் கொண்டுதான் பக்கங்களை நிரப்ப வேண்டும் என்று நினைப்பவர்கள், ஜெர்மன் எழுத்தாளர் வோல்ஃப்காங் போர்ஷெர்ட் 1946-ல் எழுதிய ‘ரொட்டி’ என்ற சிறுகதையைப் படித்துப் பார்க்க வேண்டும். மிகச் சிறிய கதை. யுத்தம் என்ற சொல்லே அதில் கிடையாது.

இரவு இரண்டரை மணி. சமையலறையில் சப்தம் கேட்டுக் கிழவி ஒருத்தி விழித்துக்கொள்கிறாள். பக்கத்துப் படுக்கை காலி. எழுந்து போனால் அங்கே கணவர் நிற்கிறார். மேஜை விரிப்பில் ரொட்டித் தூள் சிந்தியிருக்கிறது. ஏதோ சப்தம் கேட்டு வந்ததாக அவர் சொல்கிறார். 39 வருஷத் தாம்பத்தியத்துக்குப் பிறகு அவர் பொய் சொல்வதைத்தான் அவளால் தாங்க முடியவில்லை. ஆனாலும் நம்பிவிட்டவள்போலப் பேசுகிறாள். படுத்த பிறகு அவர் மெல்லுவது இருட்டில் கேட்கிறது. தூங்குகிறவள்போல மூச்சு விடுகிறாள். மறுநாள் இரவு, வழக்கமாக மூன்று துண்டு சாப்பிடும் அவருக்கு நாலு துண்டு தருகிறாள். ராத்திரியில் தனக்கு ரொட்டி ஒத்துக்கொள்வதில்லை என்று ஒரு சாக்கு. அவ்வளவுதான் கதை.

போர்ஷெர்ட் ஹாம்பர்க் நகரத்துக்காரர். பிரிட்டிஷார் வசமிருந்த அந்தப் பகுதியில் 1946 மார்ச்சில் ரேஷன், ஆளுக்கு நாளொன்றுக்குச் சுமார் 1,000 கலோரியாகக் குறைந்தது. கணக்கைச் சரித்திர ஆசிரியர் சொல்லிவிடுவார். அந்தப் பசி புருஷன் பெண்சாதிக்கு நடுவே வந்து படுத்துக்கொண்டதைச் சொல்லக் கதாசிரியன் வேண்டியிருக்கிறது.

ஓர் ஆட்சேபம் எழலாம். 1941-ல் லெனின்கிராடை முற்றுகையிட்டு லட்சக்கணக்கானவர்களைப் பட்டினியால் சாகவிட்டது இந்த ஜெர்மனியின் படைதானே? இந்தக் கிழவருக்கு நாம் ஏன் இரங்க வேண்டும்? நியாயமான கேள்வி. எனக்கும் முதலில் உறுத்தியது. திரும்பப் படித்தபோது ஒன்று புரிந்தது: நாஜி ஆட்சியை விமரிசித்துப் பேசியதற்காகச் சிறை சென்ற போர்ஷெர்ட், தம் மக்களுக்காக வக்காலத்து வாங்கவில்லை. மனைவி பங்கைத் திருடித் தின்றவராகவே கிழவரை நிறுத்துகிறார். அவர் சொன்ன பொய் தம் மானத்தைக் காப்பதற்கு. அவள் சொன்ன பொய்யும் அவர் மானத்தைக் காப்பதற்குத்தான். அதற்கு விலையாக அவள் ஒரு துண்டு ரொட்டியைக் கொடுக்கிறாள்.

நம் கதைகளில் பசித்தவன் வாயைத் திறந்தால் பிரசங்கம் செய்கிறான். நானும் அப்படி எழுதியவன்தான். போர்ஷெர்ட் 1947 நவம்பரில், 26 வயதில் இறந்துவிட்டார். இந்தக் கதையை எல்லோரும் ஒரு தடவை படிக்கலாம். பசியைப் பற்றி எழுத உட்காருகிறவர்கள் இரண்டு தடவை படிக்க வேண்டும்.