முந்தியில் ஒரு பறவை

ஆரணிப் பட்டு வாங்க வெம்பாக்கம் பக்கம் போனால், சேலையின் உடல் நிறத்தில் மயங்கி உடனே விலை கேட்டுவிடாதீர்கள். முந்தியை விரிக்கச் சொல்லுங்கள். கதை அங்கேதான் இருக்கிறது.

முதலில் அன்னப்பட்சியைத் தேடுங்கள். நம் ஏரிகளில் வெள்ளை ஸ்வான் கிடையாது. குளிர்காலத்தில் இமயம் தாண்டி வரும் வரித்தலை வாத்துதான் பழைய அன்னம் என்பார் உண்டு. ஜரிகை அன்னம் இரண்டு போலவும் இராது. வாத்து உடம்பு, மயிலே பொறாமைப்படும் வால். பிழையல்ல. கண்ணால் கண்டதையா நெய்தார்கள்? காதால் கேட்டதை நெய்தார்கள். நீரை விட்டுப் பாலை மட்டும் உண்ட பறவை, நளனுக்காகத் தமயந்தியிடம் தூது போன பறவை, கோப்பெருஞ்சோழனிடம் தன் பெயரைச் சொல்லும்படி பிசிராந்தையார் கேட்டுக்கொண்ட பறவை.

வெம்பாக்கம் இருப்பது திருவண்ணாமலை மாவட்டத்தில். நெருப்புத் தூணின் முடியைத் தேடி பிரம்மன் அன்னமாகப் பறந்து தோற்றது அந்த மலையில்தான். சிவன் கோயிலில் கருவறையின் பின்சுவரைப் பாருங்கள்: அந்தத் தூணிலிருந்து வெளிப்படும் லிங்கோத்பவருக்கு மேலே அன்னம், கீழே அடியைத் தேடிய பன்றி. கல்லில் அந்தக் கழுத்து வளைவைப் பார்த்துவிட்டு வந்தால், பட்டில் பார்க்கும் கண்ணே வேறு.

அடுத்தது இருதலைப்பட்சி. விஜயநகரத்து அச்சுதராயர் காசில் பொறித்தது, மைசூர் அரசர் சின்னமாக வைத்தது. பஞ்சதந்திரத்தில் இதன் முடிவு பரிதாபம். ஒரு தலை தின்ற இனிப்பில் பங்கு கிடைக்காத கோபத்தில் மறுதலை நஞ்சைத் தின்றது; வயிறு ஒன்றல்லவா, இரண்டும் செத்தன. முகூர்த்தப் புடவைக்கு இதைவிடப் பொருத்தமான எச்சரிக்கை எனக்குத் தோன்றவில்லை.

கரையில் மயில்கண், குயில்கண் இருந்தால் பறவையைத் தேடாதீர்கள். கண் மட்டும்தான் அங்கே.

பிறகு முந்தியை முகத்தருகே கொண்டுபோங்கள். பாவும் ஊடும் நேர்கோட்டில் மட்டுமே போகும். அதனால் அன்னத்தின் கழுத்து வளைவு முழுக்கப் படிக்கட்டுதான். 1804இல் பிரான்சில் ஜக்கார்டு செய்த பொறியின் வழிவந்த பெட்டி தறிக்கு மேலே இருக்கிறது. அதில் அட்டையின் ஓட்டைகள்தான் எந்த இழை எழும்ப வேண்டும் என்று சொல்கின்றன. படி எவ்வளவு சின்னதோ, அவ்வளவு நயமான அன்னம்.

கடைசியாகச் சேலையைப் புரட்டுங்கள். அங்கே அதே அன்னம், முகத்தை மறுபக்கம் திருப்பிக்கொண்டு.