கபரும் இன்ஷாவும்: கதை உரையாடல் பற்றி ஒரு கருத்து

மொழியின் பணி யாது என்று மாணவரைக் கேட்டால், கருத்தை அறிவிப்பது என்றே பெரும்பாலோர் விடை கூறுவர். நம் கதாசிரியர் சிலரும் அதையே நம்பி எழுதுகின்றனரோ என்னும் ஐயம், முஸ்லிம் வாழ்வைப் பொருளாகக் கொண்ட சிறுகதைகளைத் தொடர்ந்து படிக்கையில் எழுகின்றது. அக்கதைகளில் பேசுவோர் யாவரும் ஒருவருக்கொருவர் செய்தி அறிவித்துக் கொண்டே இருக்கின்றனர். தன் தம்பி எங்கே வேலை பார்க்கின்றான், தங்கைக்கு எப்போது நிக்காஹ் நடந்தது என்பனவற்றைக் கணவன் மனைவிக்கு விவரிக்கின்றான். பத்தாண்டுகள் உடன் வாழ்ந்த அவள், அவற்றை முதன்முறை கேட்பவள் போலக் கேட்டிருக்கின்றாள். வாசகனுக்குச் சொல்ல வேண்டியதை மனைவியிடம் சொல்லும் இந்தக் கணவனை எந்த வீட்டிலும் காண இயலாது.

மதரஸாக்களில் நெடுங்காலமாக ஓதப்பட்டு வரும் கிதாபுகளுள் ஒன்று, ஹிஜ்ரி 792இல் மறைந்த தஃப்தாஸானீயின் முக்தஸருல் மஆனீ. பொருட்பேற்றை ஆராயும் இல்முல் மஆனீ என்னும் கலையைக் கற்பிப்பது அது. அக்கலை வாக்கியங்களைக் கபர், இன்ஷா என இரு பெரும் பிரிவாக்குகின்றது. மெய் என்றோ பொய் என்றோ சொல்லத்தக்கது கபர். அவ்வாறு சொல்ல இடமில்லாதது இன்ஷா: ஏவல், விலக்கல், வினா, விளி, ஏக்கம் முதலியன. (இந்த இன்ஷாவும் ‘இன்ஷா அல்லாஹ்’ என்பதிலுள்ள இன்ஷாவும் ஒன்றென மயங்கற்க. முன்னது ‘உண்டாக்குதல்’ எனப் பொருள்படும் ஒரே சொல். பின்னது ‘நாடினால்’ என்னும் இரு சொற்கூட்டு. தமிழெழுத்து இரண்டையும் ஒன்றாக்கி விடுகின்றது.)

கபரைக்கூட அக்கலைஞர் வெறும் அறிவிப்பு என விட்டுவிடவில்லை. கேட்போன் அறியாததை அறிவிப்பது ஒரு பயன். அதை ‘ஃபாயிததுல் கபர்’ என்பர். கேட்போன் முன்பே அறிந்ததைச் சொல்லி, ‘நானும் இதை அறிவேன்’ என உணர்த்துவது பிறிதொரு பயன். அது ‘லாஸிமுல் ஃபாயிதா’. “நீ நேற்று இரவு மதுரையிலிருந்து வந்தாய்” என்று தந்தை மகனிடம் கூறினால், மகனுக்கு அதில் புதுச்செய்தி ஏதுமில்லை. தந்தைக்குத் தெரிந்துவிட்டது என்பதே செய்தி. இந்த ஒரு நுணுக்கத்தை உணர்ந்த கதாசிரியன், மேற்சொன்ன கணவனைப் பேசவிட மாட்டான். பேசவிட்டாலும், தெரிந்ததை மீண்டும் சொல்வதற்கு ஒரு காரணத்தை அவன் நெஞ்சில் வைத்திருப்பான்.

அப்துல் காஹிர் ஜுர்ஜானீ தம் ‘தலாயிலுல் இஃஜாஸ்’ நூலில் ஒரு நிகழ்ச்சியைக் குறித்துள்ளார். தத்துவ அறிஞர் கிந்தீ, மொழியறிஞர் அபுல் அப்பாஸிடம் சென்று, அரபு மொழியில் வெற்றுச் சொற்கள் மலிந்துள்ளன என்று குறை கூறினாராம். அப்துல்லாஹ் நிற்கின்றார் என்னும் ஒரே பொருளை உறுதிச்சொல் இன்றியும், ஒன்று சேர்த்தும், இரண்டு சேர்த்தும் அரபிகள் கூறுகின்றனரே என்பது அவருடைய வாதம். அபுல் அப்பாஸோ பொருள் மூன்றும் வேறு என்றார். முதலாவது வெறும் அறிவிப்பு. இரண்டாவது வினவியவனுக்கு விடை. மூன்றாவது மறுப்பவனுக்கு மறுமொழி. தமிழிலும் இதைக் காணலாம். ‘வந்தார்’, ‘வந்துவிட்டார்’, ‘வந்தேவிட்டார்’ என்னும் மூன்றையும் ஒரே ஆளிடம் ஒரே தருணத்தில் சொல்ல முடியாது. ஏகாரம் ஏறுமிடத்தில் கேட்போன் முகத்தில் ஓர் ஐயமோ அச்சமோ இருந்திருக்க வேண்டும். பேசுபவன் வாயினின்று வரும் ஓர் இடைச்சொல், எதிரே இருப்பவன் முகத்தைக் காட்டிவிடுகின்றது!

ஏவலைப் பற்றியும் ஒன்று கூற வேண்டும். ஒரே ஏவல்வினையை மேலோன் சொன்னால் ‘அம்ரு’ என்றும், ஒத்தவன் சொன்னால் ‘இல்திமாஸ்’ என்றும், அடியான் இறைவனிடம் சொன்னால் ‘துஆ’ என்றும் அரபு இலக்கணத்தார் பெயரிட்டனர். தொல்காப்பியரோ இரத்தலுக்கு ஈ, தா, கொடு என மூன்று சொற்களையே பிரித்து, முறையே தாழ்ந்தோன், ஒத்தோன், உயர்ந்தோன் கூற்றாக வகுத்தார். வினாவுக்கு எதிராக வரும் வினாவும் விடையே ஆகும் என்பதும் அவர் கண்டதே. “விருந்துக்கு வருவாயா?” என்பவனிடம் “வராமல் இருப்பேனா?” என்பது வினா வடிவில் வந்த விடையன்றோ? பவணந்தி முனிவர் நன்னூலில் வினாவை ஆறாகவும் விடையை எட்டாகவும் விரித்தார். கடையில் நின்று “சீனி இருக்கிறதா?” என்பது கொளல் வினா, ஏழைச் சிறுவனிடம் “உனக்குச் சட்டை இல்லையா?” என்பது கொடை வினா. முன்னது ‘தாருங்கள்’ என்னும் வேலையையும், பின்னது ‘தருகிறேன்’ என்னும் வேலையையும் செய்கின்றன. மாணவர் இப்பட்டியலை மதிப்பெண்ணுக்காக மனனம் செய்து தேர்வு முடிந்ததும் மறந்துவிடுகின்றனர். கதை எழுத வருகின்றவர் அதை ஒருமுறை திரும்பிப் படித்தால் நன்று.

இவற்றையெல்லாம் மேனாட்டார் நேற்றுத்தான் கண்டுபிடித்தனர் என ஒரு சாரார் எழுதுகின்றனர். எல்லாம் நம்மிடமே இருந்தன என மறுசாரார் மார் தட்டுகின்றனர். இரண்டும் ஆராய்ச்சியன்று. ரோமன் யாக்கப்சன் 1960இல் வெளியான கட்டுரையில் மொழிக்கு ஆறு பணிகள் வகுத்தார். அவற்றுள் தொடர்பு அறுந்துவிடாமல் காப்பது மட்டுமே நோக்கமான பேச்சு என ஒரு பணி உண்டு. அதற்கு மூலம் திரோபிரியந்துத் தீவுகளில் ஆய்வு நடத்திய மலினோவ்ஸ்கி 1923இல் எழுதியது. இவ்வகைக்குத் தனிப்பெயர் நம் பலாகத் கிதாபுகளில் நான் கண்டதில்லை. மறுபுறம், ஜே. எல். ஆஸ்டின் 1955இல் ஹார்வர்டில் ஆற்றி, 1962இல் நூலாக வந்த சொற்பொழிவுகளில், சொல்வதே செயலாகும் வாக்கியங்களை விளக்கினார். இது நமக்குப் புதிதன்று. நிக்காஹ் மஜ்லிஸில் வலீ “மணமுடித்துத் தந்தேன்” என்கின்றார். மணமகன் “ஏற்றுக்கொண்டேன்” என்கின்றான். இரண்டும் இறந்தகால வினை. ஆனால் முன்னர் நடந்த எதையும் அவை அறிவிக்கவில்லை. சொல்லும்போதே மணம் நிகழ்கின்றது. ஹிஜ்ரி 684இல் மறைந்த மாலிக்கீ சட்ட அறிஞர் கராஃபீ, கபருக்கும் இன்ஷாவுக்கும் உள்ள வேறுபாட்டைத் தம் ‘ஃபுரூக்’ நூலின் தொடக்கத்திலேயே ஆராய்ந்துள்ளார். பலாகத் அறிஞர்களோ ஒப்பந்தச் சொற்களை இன்ஷாவின் ஒரு கிளையாகக் குறித்துவிட்டு, தம் கலைக்கு அதில் வேலை குறைவு எனக் கடந்து போயினர். இலக்கியத்துக்கு மிகவும் வேண்டிய இடத்தை அவர்கள் ஃபிக்ஹுக்காரர்களிடம் விட்டுவிட்டனர் என்பதே என் துணிபு.

அந்த இடத்தில் எத்துணை நாடகம் உள்ளது என்பதற்கு ஒரு சான்று. தலாக் சொற்களை ஸரீஹ் என்றும் கினாயா என்றும் ஃபுகஹாக்கள் பிரிப்பர். முன்னது வெளிப்படை. பின்னது வேறு பொருளுக்கும் இடந்தருவது. “உன் வீட்டாரிடம் போய்ச் சேர்” என்பது அதற்குரிய பழைய எடுத்துக்காட்டு. கினாயாவில் சொன்னவனுடைய நிய்யத்தையும் பார்க்க வேண்டும். இனி நம் கதைகளில், சோறு குழைந்ததற்காகக் கணவன் “உம்மா வீட்டுக்குப் போ” என்று கத்துவதும், மனைவி மூட்டை கட்டுவதும், மாமியார் சமாதானம் செய்வதும் எத்தனை முறை வந்துள்ளன! அச்சொல்லைக் கேட்ட மார்க்கம் அறிந்த ஒரு பெண்ணின் நெஞ்சில் முதலில் எழும் கேள்வி, ‘என்ன நினைத்துச் சொன்னார்?’ என்பதன்றோ? அதை அவள் கேட்பதா, கேளாதிருப்பதா? கேட்டால் அவன் என்ன விடை தருவானோ? ஒரு கதைக்குப் போதிய பொருள் இங்கேயே இருக்கின்றது. நம்மவர் அதை வெறுங்கோபமாக எழுதிக் கடந்துவிடுகின்றனர். சொல்லின் செயலாற்றல் சொல்பவன் வாயில் மட்டும் இல்லை என்பதும் கருதத்தக்கது. ஒரே மூச்சில் முத்தலாக் கூறுவது செல்லாது என 2017 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2019ஆம் ஆண்டுச் சட்டம் அதனைக் குற்றமும் ஆக்கியது. அதே ஒலி, அதே வாய். ஆனால் நாட்டுச் சட்டத்தின் முன் அது செய்யும் வேலை மாறிவிட்டது.

இனி அருஞ்சொற்பொருள் அகராதி. நம் கதைத் தொகுதிகளின் இறுதியில் ‘இன்ஷா அல்லாஹ் - இறைவன் நாடினால்’ என அச்சிடுகின்றனர். பொருள் பிழையில்லை. ஆனால் கடன் கொடுத்தவர் “வெள்ளிக்கிழமை தந்துவிடுவீர்களா?” எனக் கேட்க, வாங்கியவர் தலை கவிழ்ந்து “இன்ஷா அல்லாஹ்” என்றால், அங்கே நடப்பது வேறு. கஹ்ஃப் அத்தியாயம் கற்பிக்கும் பணிவும் அதில் இருக்கலாம். தவணை கேட்கும் மன்றாட்டும் இருக்கலாம். ‘என்னை நெருக்காதீர்’ என்னும் மறுப்பும் இருக்கலாம். மாஸ்கோ நாடக ஆசான் ஸ்தனிஸ்லாவ்ஸ்கி, ‘இன்று மாலை’ என்னும் தொடரை நாற்பது விதமாகச் சொல்லிக் காட்டுமாறு ஒரு நடிகரைப் பணித்த செய்தியை யாக்கப்சன் எழுதியுள்ளார். நம் ஊர்க் கடைத்தெருவில் இன்ஷா அல்லாஹ்வுக்கு நாற்பதுக்குக் குறையாத விதங்கள் உண்டு. எது எனக் காட்ட வேண்டியது கதையின் கடமை. அகராதி அதைச் செய்யாது. உம்மா, வாப்பா, பர்க்கத், மவுத் எனச் சில சொற்களைத் தூவிவிட்டால் முஸ்லிம் வீட்டுப் பேச்சு வந்துவிடும் என்னும் எண்ணமும் இதைச் சார்ந்ததே. சொற்கள் வந்துவிடுகின்றன, பேச்சு வருவதில்லை.

வளைகுடாவில் வேலை பார்க்கும் மகன் வீட்டுக்குத் தொலைபேசியில் அழைக்கின்றான். “சாப்பிட்டாயா?” என்கின்றாள் தாய். “சாப்பிட்டேன். நீங்கள்?” “ஆச்சு. அப்புறம்?” “வேறொன்றுமில்லை, உம்மா.” “மழை உண்டா அங்கே?” “இங்கே ஏது மழை?” “சரி, வேறென்ன?” “வைக்கட்டுமா?” “வை. உடம்பைப் பார்த்துக்கொள்.” ஆனால் இருவரும் வைப்பதில்லை. இத்தகைய பேச்சைக் கதையில் எழுதினால், செய்தி ஏதும் இல்லை, நீக்கிவிடுக என்று அறிவுரை கூறும் இதழாசிரியர்கள் உள்ளனர். அவர்களுடைய அளவுகோல் கபரின் அளவுகோல். அதைக் கொண்டு அளந்தால், மழை இல்லை என்பது தவிர இங்கே அறிவிக்கப்பட்டது ஒன்றுமில்லைதான். நானாயின் இவ்வரிகளை வைத்துக்கொண்டு, அவ்வுரையாடலுக்குப் பின் ‘அவனுக்குத் தாயின் நினைவு வாட்டியது’ என ஆசிரியர் சேர்த்திருக்கும் வாக்கியத்தையே நீக்குவேன்.